ஆட்டுத்தலைக்கு உரியவன்

எர்மெக்கின் பதினாறாவது வயதில் ஊர் அவனைப் பெரிய மனிதனாக்கியது. அதற்காக அவன் எதுவும் செய்யவில்லை. செய்ய வேண்டியதை அவனுடைய அப்பா செய்து முடித்துவிட்டார் என்று ஊர் நம்பியது. அதாவது, செத்துவிட்டார் என்று.

அவன் ஊரான சாரிபுலாக்கில் கல்யாணம் என்றால் நூறு பேருக்குக் குறைவாக யாரும் அழைப்பதில்லை. மேசைக்குப் பத்துப் பேர், மேசைக்கு ஒரு தட்டு. தட்டில் அகல அகலமாக வெந்த மாவுத் துண்டுகள், அவற்றின் மேல் இறைச்சி, எல்லாவற்றுக்கும் மேல் ஓர் ஆட்டுத்தலை. ஆட்டின் மூக்கு யாரைப் பார்க்கிறதோ அவர் தலையைக் கையில் எடுத்து, கன்னத்தில் ஒரு துண்டு அறுக்க வேண்டும். அதற்குப் பிறகுதான் மற்றவர்கள் தட்டில் கை வைக்கலாம். பெரியவர்களின் மேசையில் இதில் சிக்கலே இல்லை. அங்கே உட்காருகிறவர்களின் அப்பாக்களெல்லாம் எப்போதோ குன்றடி இடுகாட்டுக்குப் போய்ப் படுத்துவிட்டவர்கள். வம்பெல்லாம் இளவட்டங்களின் மேசையில்தான். அப்பா உயிரோடு இருப்பவன் தலையைத் தொடக் கூடாது. தொட்டால், அவர் எப்போது போவார் என்று பார்த்துக்கொண்டிருக்கிறான் என்று ஆகிவிடும்.

ஐதோஸின் அண்ணன் கல்யாணத்தில் அதுதான் நடந்தது. ஐதோஸ் எர்மெக்கோடு ஒரே வகுப்பில் படித்தவன், அடுத்த தெரு. மேசையில் பத்துப் பையன்கள், பத்துப் பேருக்கும் பசி. தட்டு வந்து இறங்கியது. முதல் பையன், "எங்கப்பா இருக்கார்" என்று தட்டைத் திருப்பினான். அடுத்தவன், "எங்கப்பா இருக்கார்" என்று திருப்பினான். ஆட்டின் மூக்கு ஒவ்வொருவனையும் பார்த்துக்கொண்டே போயிற்று. கொழுப்பு வெள்ளையாக உறையத் தொடங்கியது.

"நல்லா மாட்டினோம்டா. நம்மள்ல ஒருத்தனுக்குக்கூட அப்பா சாகலியா?" என்றான் ஒருவன்.

ஐதோஸ் மேசையில் ஓங்கி ஒரு தட்டுத் தட்டினான். முகத்தில் அப்படி ஒரு வெளிச்சம்.

"டேய், எர்மெக்! உனக்குத்தான் இல்லையே!"

எட்டுப் பேர் அவனை நன்றியோடு பார்த்தார்கள். எர்மெக் பெண்களின் மேசைப் பக்கம் திரும்பினான். அங்கே அவன் அம்மா பிபிகுல், தேநீர்க் கிண்ணத்துக்குள் எதையோ தொலைத்தவள் மாதிரி உள்ளே பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் கத்தியை எடுத்தான். கன்னத்துச் சதை மெத்தென்று இருந்தது. ருசியாகவும் இருந்தது. அதுதான் அவனை அதிகம் உறுத்தியது. ஏனென்றால் அவன் அப்பா சாகவில்லை.

அப்பா தெமிர்கான் லாரி ஓட்டுகிறவர். எர்மெக்குக்கு ஆறு வயதாக இருந்தபோது, கணவாய்க்கு அந்தப் பக்கம் சாலையோரத்தில் சாப்பாட்டுக்கடை வைத்திருந்த ஒருத்தியின் வீட்டில் ஒரு நாள் தங்கினார். பிறகு இன்னொரு நாள் தங்கினார். பிறகு அங்கிருந்தே வேலைக்குப் போய்வர ஆரம்பித்தார். பிபிகுல் சண்டை போடப் போகவில்லை. அவள் நர்ஸ். மாற்றல் கேட்டு வாங்கி, மகனையும் தையல் இயந்திரத்தையும் தூக்கிக்கொண்டு, ஒருவரையும் தெரியாத சாரிபுலாக்குக்கு வந்துவிட்டாள்.

வந்த இரண்டாம் நாளே அடுத்த வீட்டுக் குல்யாஷ் ஒரு கிண்ணம் பாலேட்டோடு வந்தாள். புருஷன் எங்கே என்று கேட்பதற்குத்தான் பாலேடு. பிபிகுல் மாவு பிசைந்துகொண்டிருந்தாள். கையை எடுக்காமலே, "செத்துட்டார். லாரி கவுந்துடுச்சு" என்றாள்.

குல்யாஷ் கண்ணைத் துடைத்துக்கொண்டு போன பிறகு, மகனைக் கூப்பிட்டாள்.

"யாராவது கேட்டா அப்பா செத்துட்டார்னு சொல்லு."

"செத்துட்டாரா?"

"ஆமா."

"எப்போ?"

அம்மா சற்று யோசித்தாள். "செவ்வாக்கிழமை."

அவள் பக்கத்தையும் சொல்ல வேண்டும். புருஷன் விட்டுவிட்டுப் போனவள் என்றால் ஊரில் ஆளாளுக்குப் புத்தி சொல்வார்கள். என்ன செய்தாளோ, அவன் போய்விட்டான் என்பார்கள். புருஷனைப் பறிகொடுத்தவள் என்றால், நிலக்கரி வண்டி முதலில் அவள் வாசலில்தான் நிற்கும். தவிர, ஊரில் யார் செத்தார், யார் இன்னும் சாகவில்லை என்று நாடி பிடித்துச் சொல்வதே அவள் வேலை. அவள் சொன்ன சாவை யார் சந்தேகப்படுவார்கள்? ஊர் கூடி ஓர் ஆட்டை அறுத்தது. முல்லாவை அழைத்துத் தெமிர்கானுக்காகக் குர்ஆன் ஓதியது. குல்யாஷ் மூன்று நாள் அழுதாள். முகம் தெரியாத ஒருவருக்காகத் தன்னால் இவ்வளவு அழ முடிகிறதே என்று அவளுக்கே கொஞ்சம் பெருமையாக இருந்தது. எர்மெக் தன் அப்பாவின் இழவுச் சாப்பாட்டை வழித்துத் தின்றுவிட்டு, இன்னும் கொஞ்சம் கேட்டான். துக்கத்தில் பிள்ளைக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை என்றார்கள்.

பள்ளிக்கூடத்திலும் பிரச்சினை வரவில்லை. பதிவேட்டில் அப்பா பெயரைத்தான் கேட்பார்கள். இருக்கிறாரா, இல்லையா என்று கேட்க அதில் கட்டம் கிடையாது.

பத்தாவது பிறந்தநாளன்று அம்மாவின் போன் அடித்தது. அவள் எண்ணைப் பார்த்தாள். அதை மகன் கையில் வைத்துவிட்டு, கழுவிய பாத்திரங்களை மறுபடி கழுவப் போய்விட்டாள். எர்மெக் வைக்கோல் போருக்குப் பின்னால் நின்று பேசினான்.

"நான்தான்டா."

"தெரியுது."

"படிக்கிறியா?"

"படிக்கிறேன்."

"அம்மா?"

"நல்லாருக்காங்க."

"சரி."

அதற்குப் பிறகு ஒவ்வொரு மார்ச்சிலும் அதே போன், அதே பேச்சு, சொல் மாறாமல். அம்மா யாரென்று கேட்டதில்லை. இவன் சொன்னதும் இல்லை.

ஐதோஸின் அண்ணன் கல்யாணத்துக்குப் பிறகு எர்மெக்குக்கு மவுசு கூடிவிட்டது. அவன் வயதில் அப்பா இல்லாத இன்னொருவன் இருந்தான். அவன் நகரத்துக்குப் படிக்கப் போய்விட்டான். ஆக, சாரிபுலாக்கின் இளவட்டங்களுக்குச் சோறு கிடைக்க வேண்டுமென்றால் எர்மெக் வந்தாக வேண்டும். கல்யாண வீட்டுக்காரர்கள் பாடகரையும் சமையல்காரரையும் சொல்லிவைக்கும்போதே அவனையும் சொல்லிவைத்தார்கள். "தலை பிடிக்க ஆள் இருக்கான்ல?" என்று கேட்டுக்கொண்டார்கள். வளர்ந்த ஆண்கள் தெருவில் நின்று அவனுக்கு இரண்டு கையாலும் கைகொடுத்தார்கள். வாய்க்கால் தூர்வாரும் கூட்டத்துக்குக் கூப்பிட்டார்கள். குழி வெட்டக் கூப்பிட்டார்கள். "நீ என்ன சொல்றே, எர்மெக்?" என்று கேட்டார்கள். அவனுக்கு ஒன்றும் தெரியாததால், "பார்த்துச் செய்யுங்க" என்பான். இந்த வயதில் இவ்வளவு நிதானமா என்று ஊர் வியந்தது.

ஐதோஸுக்கு இதில் பொறாமை. அவனுக்கு அப்பாவும் இருந்தார், எண்பது தாண்டிய தாத்தா செய்த்கலியும் இருந்தார். வீட்டில் ஆடு அறுத்தால் தலை தாத்தாவுக்கு. அவர் காதை அறுத்து, சொன்ன பேச்சைக் கேட்டு வளர வேண்டும் என்று சின்னப் பிள்ளைகளுக்குக் கொடுப்பார். வீட்டின் கடைசிப் பிள்ளை ஐதோஸ்தான். மீசை வந்த பிறகும் அவனுக்குக் காதுதான்.

"உனக்கென்னடா, கொடுத்துவெச்சவன்" என்பான் எர்மெக்கிடம். "நான் இன்னும் பத்து வருஷம் காதையே மென்னுக்கிட்டு இருக்கணும். எங்க வீட்ல எல்லாருக்கும் நல்ல உடம்பு."

எர்மெக்கின் மனதுக்குள் வேறொரு பட்டியல் ஓடிக்கொண்டிருந்தது.

முதல் தலைக்குப் பிறகு வந்த மார்ச்சில், அப்பா போனில் வழக்கத்துக்கு மாறாக ஒரு வாக்கியம் கூடுதலாகப் பேசினார். முதுகு வலிக்கிறது என்றார். அந்த வருஷம் எர்மெக் ஏழு தலை அறுத்திருந்தான். அடுத்த மார்ச்சில் சர்க்கரை வந்துவிட்டதாகச் சொன்னார். அதற்குள் தலைக் கணக்கு பதினாறு ஆகியிருந்தது. லாரி ஓட்டுகிறவர்களுக்கு முதுகு வலிக்கும், சாலையோரக் கடையில் தின்கிறவர்களுக்குச் சர்க்கரை வரும் என்று அவனுக்குத் தெரியாமல் இல்லை. நர்ஸ் பெற்ற பிள்ளை. ஆனால் கத்தியைக் கையில் எடுக்கும்போதெல்லாம் அந்தக் கணக்குதான் ஞாபகத்துக்கு வந்தது. துண்டு சின்னதாக இருந்தால் நோயும் சின்னதாக இருக்கும் என்று, காகிதம் மாதிரி அறுக்கப் பழகினான். என்ன நேர்த்தி பார், என்று அதற்கும் பாராட்டினார்கள். ஒரு தடவை வயிற்றுவலி என்று வீட்டில் படுத்துக்கொண்டான். அரை மணி நேரத்தில் ஐதோஸ் வந்து கையைப் பிடித்து இழுத்தான்.

"ஒரு துண்டு அறுத்துட்டுப் படுத்துக்கோடா. ஒன்பது பேர் உக்காந்திருக்கோம். உங்கப்பா ஆத்மா சும்மா விடாது."

தன்னை எல்லாரும் ஆம்பளை என்கிறார்கள், ஆனால் அது தன்னுடையதில்லை, வேறு யாருக்கோ வந்த கடிதத்தைப் பிரித்துப் படித்துக்கொண்டிருக்கிறோம் என்று எர்மெக்குக்குத் தோன்றும். உண்மையைச் சொன்னால் அம்மாவின் பேர் போகும். சொல்லாவிட்டால் அப்பாவின் உயிர் போகும். பதினெட்டு வயதில் முடிவெடுக்க இதைவிட லேசான விஷயங்கள் மற்ற பையன்களுக்கு இருந்தன.

பத்தொன்பதாவது பிறந்தநாளன்று வந்த போனில் அப்பாவுக்கு மூச்சு வாங்கியது.

"நெஞ்சுல ஸ்டென்ட் வெச்சிருக்காங்க."

"எத்தனை?"

"ஒண்ணுதான்டா. ஏன், ஒண்ணு போதாதா?"

எர்மெக் வைக்கோலைப் பிடித்துக்கொண்டான். முப்பத்தோரு தலைகள். எதையாவது பேச வேண்டுமே என்று, "அடுத்த மாசம் ராணுவத்துக்குப் போறேன்" என்றான்.

அந்தப் பக்கம் யாரோ ஹாரன் அடித்தார்கள்.

"வழியனுப்பு விருந்து உண்டா?"

"அம்மா ஆடு சொல்லி வெச்சிருக்காங்க."

"நான் வரேன்."

"வர முடியாது."

"ஏன்? லாரி இருக்கே."

"நீங்க செத்துட்டீங்க."

"எப்போ?"

"எனக்கு ஆறு வயசுல. செவ்வாக்கிழமை."

"எப்படி?"

"லாரி கவுந்து."

இதில்தான் அப்பாவுக்கு ரோஷம் வந்தது. "இருபத்திரண்டு வருஷமா ஓட்டறேன். ஒரு தடவை கவுத்திருப்பேனாடா? உங்கம்மாவுக்கு வேற சாவே கிடைக்கலியா?"

அவருடைய மூச்சு மட்டும் கேட்டது.

"சரி" என்றார் கடைசியில். "நான் யாரா வரணும்னு சொல்லு. அப்படியே வரேன்."

எர்மெக் யோசித்தான். "அப்பாவோட சிநேகிதரா வாங்க."

விருந்துக்கு இரண்டு நாள் முன்னால்தான் அம்மாவிடம் சொன்னான். அவள் அவனுடைய சட்டைக்குப் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தாள்.

"அப்பா வர்றார்."

"எங்கேருந்து? குன்றடியிலேருந்தா?"

"அப்பாவோட சிநேகிதர்னு சொல்லிக்கிட்டு வர்றார். யாருக்கும் தெரியாது."

பிபிகுல் நூலைப் பல்லால் கடித்தாள். அன்று முழுவதும் தையல் இயந்திரம் ஓயவில்லை. தைப்பதற்கு ஒன்றும் இல்லை. கிழியாத தலையணை உறைகளையெல்லாம் எடுத்து ஓரம் அடித்தாள். சாயங்காலம் இயந்திரத்தை மூடிவிட்டு, அவன் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள்: "ஊர் முன்னாடி என்னைப் பொய்க்காரியாக்கிட்டுப் போயிடாதே, எர்மெக். நீ ஒரு வருஷம் அங்கே இருப்பே. நான் இங்கேதான் இருக்கணும்."

"மாட்டேன்மா" என்றான். அவன் நிஜமாகவே அப்படித்தான் நினைத்தான்.

விருந்தன்று மதியம், தெமிர்கான் லாரியைத் தெருக்கோடியில் நிறுத்திவிட்டு, ஒரு பெட்டி மிட்டாயோடு நடந்து வந்தார். எர்மெக்கின் ஞாபகத்தில் இருந்ததைவிடக் குள்ளம். முன்பக்கம் வழுக்கை. நடக்கும்போது ஒரு கை நெஞ்சின் மேலேயே இருந்தது. எர்மெக் வாசலில் நின்று, "வாங்க, மாமா" என்றான். அவர் இரண்டு கையாலும் அவன் கையைப் பிடித்துக்கொண்டு, விட மறந்துவிட்டார்.

உள்ளே முப்பது பேர் இருந்தார்கள். மேசையின் தலைப்பக்கத்தில் செய்த்கலித் தாத்தா. அவருக்கு வலப்பக்கத்தில் தூரத்து விருந்தாளியை உட்கார வைத்தார்கள். எதிரில் எர்மெக், பக்கத்தில் ஐதோஸ். குல்யாஷ் நகர்ந்து நகர்ந்து விருந்தாளியின் அருகில் வந்து சேர்ந்தாள். கைக்குட்டையைத் தயாராக வைத்திருந்தாள்.

"நீங்க எங்க தெமிர்கானோட சிநேகிதராமே? கடைசி நேரத்துல கூட இருந்தீங்களா?"

விருந்தாளி எர்மெக்கைப் பார்த்தார். எர்மெக் மேசைவிரிப்பைப் பார்த்தான்.

"இருந்தேன்" என்றார் தெமிர்கான்.

"எப்படிங்க ஆச்சு?"

"கணவாய்ல பனி. ஆனா ஒண்ணு சொல்லணும். தப்பு அவன் மேல இல்லே. எதிர்ல வந்தவன் விளக்கே போடலே. அவன் மாதிரி பிரேக் பிடிக்க இந்த மாகாணத்துல ஆள் கிடையாது. வேற யாராவதா இருந்தா வண்டி பள்ளத்துக்கே போயிருக்கும்."

"துடிச்சாரா?"

"அதிகம் இல்லே."

"கடைசியா ஏதாவது சொன்னாரா?"

சொந்தச் சாவைப் பற்றிச் சொல்ல வந்தவர், எதிர்பாராமல் அதில் மாட்டிக்கொண்டார் என்றுதான் சொல்ல வேண்டும். கண் கலங்கிவிட்டது. "பையனைத் தனியா விட்டுட்டேனேன்னு சொன்னான்."

சமையலறையில் ஒரு கரண்டி கீழே விழுந்தது. குல்யாஷ் கைக்குட்டைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டு, "தங்கமான மனுஷன்" என்றாள்.

"தங்கம்தான்" என்று விருந்தாளியும் ஒத்துக்கொண்டார்.

பிபிகுல் பெரிய தட்டைத் தூக்கிக்கொண்டு உள்ளே வந்தாள். "தங்கமெல்லாம் ஒண்ணும் இல்லே" என்று தட்டைத் தாத்தாவின் முன்னால் வைத்தாள். "சூடா இருக்கு. ஆரம்பிங்க."

தாத்தா உள்ளங்கைகளை விரித்து, போகிற பிள்ளை நல்லபடியாகத் திரும்ப வேண்டும் என்று வேண்டினார். எல்லாரும் முகத்தைத் தடவிக்கொண்டார்கள். பிறகு அவர் தலையைத் தொடாமல் சுற்றிலும் பார்த்தார்.

"நான் பார்க்காத தலையா? இன்னிக்கு இந்த வீட்டு ஆம்பளை ராணுவத்துக்குப் போறான். அவனைப் பெத்தவனோட சிநேகிதன் சாட்சியா உக்காந்திருக்கான். தலை எர்மெக்குக்கு."

தட்டை இரண்டு கையாலும் பிடித்துத் திருப்பினார். ஆட்டின் மூக்கு எர்மெக்கின் முன்னால் வந்து நின்றது. ஐதோஸ் கத்தியைத் துடைத்து அவன் கையில் கொடுத்தான்.

தெமிர்கானுக்கு அதுவரை இது தெரியாது. தன்னைச் சாகடித்திருக்கிறார்கள் என்று தெரியும். மகன் தலை பிடிக்கிறான் என்று தெரியாது. மூக்கு யார் பக்கம் நிற்கிறது என்று பார்த்தார். மகனின் கையில் இருக்கும் கத்தியைப் பார்த்தார். அது எவ்வளவு பழகிய கை என்பதும் அவருக்குப் புரிந்திருக்க வேண்டும். கவிழாத லாரியில் சாகாத மனிதர், அப்போதுதான் முதல் முறையாகச் செத்தவர் மாதிரி ஆனார். கை மெல்ல நெஞ்சுக்குப் போனது. ஆனால் வாயைத் திறக்கவில்லை. சிநேகிதராக வருகிறேன் என்று சொல்லியிருந்தார், சிநேகிதராகவே உட்கார்ந்திருந்தார்.

பிபிகுல் வாசல்நிலையில் சூப்புக் கிண்ணத்தோடு நின்றாள். மகனையே பார்த்தாள்.

ஒரு துண்டுதான். காகிதம் மாதிரி அறுத்தால் போதும். நாளை இந்நேரம் அவன் பேருந்தில் இருப்பான். யாருக்கும் எதுவும் தெரியப்போவதில்லை. எர்மெக் கத்தியைக் கன்னத்தின் மேல் வைத்தான். எதிரே அப்பா கண்ணை மூடிக்கொண்டார். ஊசி போட்டுக்கொள்ளும் பிள்ளைகள் அப்படித்தான் மூடிக்கொள்வார்கள். அம்மாவின் மருத்துவ நிலையத்தில் அவன் நிறையப் பார்த்திருக்கிறான். அவனுக்கு அவர் மேல் கோபம் இருந்தது. பதிமூன்று வருஷத்துக் கோபம். ஆனாலும் அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டு அறுக்க அவனால் முடியவில்லை.

கத்தியைக் கீழே வைத்தான். தட்டின் விளிம்பைப் பிடித்துத் திருப்பினான். மூக்கு ஐதோஸைத் தாண்டி, குல்யாஷைத் தாண்டி, தெமிர்கானின் முன்னால் போய் நின்றது.

"விருந்தாளிக்கு மரியாதை பண்றான் பாருங்க. பிள்ளை வளர்ப்புன்னா இது" என்றாள் குல்யாஷ்.

இத்தோடு விட்டிருந்தால்கூடத் தப்பித்திருக்கலாம்.

"அதுக்கில்லே, அக்கா" என்றான் எர்மெக். குரல் உடைந்து, பன்னிரண்டு வயதுப் பையனின் குரல் மாதிரி வந்தது. "எங்கப்பா இருக்கார்."

ஊரில் எந்தப் பையனும் எந்த மேசையிலும் யோசிக்காமல் சொல்கிற வார்த்தைதான். அவன் சொல்லி யாரும் கேட்டதில்லை. அவனும் கேட்டதில்லை. எல்லாருடைய கண்ணும் தட்டைச் சுற்றிக்கொண்டு போய், மூக்கு நிற்கிற இடத்தில் நின்றது. வழுக்கையை விட்டுவிட்டுப் பார்த்தால், இருவருக்கும் ஒரே முகம்.

எர்மெக் அம்மாவைத் திரும்பிப் பார்க்கவில்லை. பார்க்கப் பயமாக இருந்தது. அவள் உள்ளே வருவதும், கிண்ணத்தை மேசையில் வைப்பதும் கேட்டது.

"ஆமா" என்றாள் பிபிகுல். "நான்தான் கொன்னேன். செவ்வாக்கிழமை."

"நான் மூணு நாள் அழுதேனே!" என்றாள் குல்யாஷ்.

யாரும் அவளுக்குச் சமாதானம் சொல்லவில்லை. செய்த்கலித் தாத்தா விருந்தாளியை மேலிருந்து கீழாக, சந்தையில் குதிரை பார்ப்பது மாதிரி பார்த்தார். பிறகு தாடியைத் தடவினார்.

"அன்னிக்கு உனக்காக ஒரு முழு ஆடு அறுத்து, முழுசா ஓதினோம்" என்றார். "பரவாயில்லே. ஓதினது கெட்டுப்போகாது. எப்படியும் உனக்கு ஒரு நாள் வேணும்தானே."

"வேணும், ஐயா" என்றார் தெமிர்கான்.

"உன் அப்பன் இருக்கானா?"

"இல்லே, ஐயா."

"அப்போ தலையைப் பிடி. சாப்பாடு ஆறுது."

தெமிர்கான் தலையைக் கையில் எடுத்தார். கன்னத்தில் ஒரு துண்டு அறுத்துத் தாத்தாவுக்குக் கொடுத்தார். பிறகு என்ன செய்வதென்று தெரியாமல் சற்று நேரம் தலையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு காதை அறுத்தார். உள்ளங்கையில் வைத்து, மேசைக்கு மேலாக எர்மெக்கிடம் நீட்டினார்.

ஐதோஸ் சத்தமாகச் சிரித்துவிட்டான். முப்பத்தோரு தலை அறுத்த கை, மறுநாள் துப்பாக்கி பிடிக்கப்போகிற கை, ஆட்டுக்காதை வாங்கிக்கொண்டது. எர்மெக் அதை வாயில் போட்டு மென்றான். ருசி ஒன்றும் இல்லை, வெறும் குருத்தெலும்பு. விழுங்க நேரமாயிற்று. கண்ணில் தண்ணீர் வந்தது. வெங்காயம், என்றான், யாரும் கேட்காமலே.

"டேய்" என்றான் ஐதோஸ் சிரிப்பு அடங்கியதும், கவலையாக. "அப்போ நீ திரும்பி வந்த பிறகு கல்யாணத்துல எங்க மேசைக்கு யார்டா தலை பிடிக்கிறது?"

சாப்பிட்டு முடித்ததும் தெமிர்கான் கிளம்பினார். இருங்கள் என்று பிபிகுல் சொல்லவில்லை, அவரும் எதிர்பார்க்கவில்லை. விருந்துக்கு வந்தவரை வெறும் கையோடு அனுப்பும் வழக்கம் அங்கே இல்லை. வீட்டில் இருப்பவர்களுக்கென்று ஒரு பொட்டலம் கட்டிக் கொடுப்பார்கள். அவள் துணியை விரித்து இறைச்சி எடுத்து வைத்தாள்.

"எத்தனை பிள்ளைங்க?" என்றாள், நோயாளியைக் கேட்பது மாதிரி.

"ரெண்டு பொண்ணு."

பிள்ளைகளுக்கென்று எடுத்து வைக்கிற இரண்டு சிறுநீரகங்களையும் அவள் தட்டிலிருந்து பொறுக்கி, மேலாக வைத்து முடிச்சுப் போட்டாள். தெமிர்கான் ஏதோ சொல்ல வாயெடுத்தார்.

"மாத்திரையை நேரத்துக்குப் போடுங்க" என்றாள். "அந்த ஸ்டென்டுக்குப் பிறகு ஒரு வருஷம் நிறுத்தக் கூடாது." அவருக்கு ஸ்டென்ட் வைத்தது அவளுக்கு எப்படித் தெரியும் என்று எர்மெக் கேட்டுக்கொள்ளவில்லை.

அந்தக் குளிர்காலத்தில் நிலக்கரி வண்டி பிபிகுல் வாசலில் முதலில் நிற்கவில்லை. குல்யாஷ் நான்கு மாதம் பேசவில்லை. பிறகு பேசினாள், ரத்த அழுத்தம் பார்க்க ஊரில் வேறு ஆள் இல்லாததால். சிலர் முகத்துக்கு நேராகவே சிரித்தார்கள். அவள் அவர்களுக்கு ஊசியைக் கொஞ்சம் அழுத்திப் போட்டாள். இதெல்லாம் எர்மெக்குக்குப் பிறகுதான் தெரிந்தது, அதுவும் ஐதோஸ் சொல்லி.

விருந்துக்கு மறுநாள் காலை, பேருந்துக்குப் போகுமுன் அம்மா ஒரு ரொட்டியை நீட்டினாள். தூரம் போகிறவர்கள் கடித்துவிட்டுப் போவது. அவன் கடித்தான். மிச்சத்தை அவள் துணிப்பையில் போட்டு ஆணியில் மாட்டினாள். திரும்பி வந்து மிச்சத்தையும் தின்ன வேண்டும்.

"கோபமா?" என்றான்.

"ஆமா" என்றாள் பிபிகுல். அவன் சட்டைக் காலரைச் சரிசெய்தாள். அது சரியாகத்தான் இருந்தது. "நேத்து நீ அறுத்திருந்தா இதைவிட அதிகமா இருந்திருக்கும். ஏன்னு கேக்காதே. போ, பஸ் வந்துடும்."

மாவட்டத் தலைநகரில் ராணுவ ஆள்சேர்ப்பு அலுவலகத்தில், மொட்டையடித்த நாற்பது பையன்கள் வரிசையில் நின்றார்கள். எழுத்தர் தலையை நிமிர்த்தவில்லை. பெயர் கேட்டார், எழுதினார். ஊர் கேட்டார், எழுதினார்.

"அப்பா?"

"இருக்கார்" என்றான் எர்மெக், தேவைக்கு மேல் சத்தமாக.

எழுத்தர் பேனாவை நிறுத்திவிட்டு அவனை நிமிர்ந்து பார்த்தார்.

"பேரைக் கேட்டேன்" என்றார்.